கார்ட்டூன்ல ஒளிஞ்சிருக்கிற பெரியவங்க காமெடியை பிடிக்கிறது எப்படி? புதுசா ஆரம்பிக்கிறவங்களுக்கு ஒரு வழிகாட்டி

குழந்தை பக்கத்துல உக்காந்து கார்ட்டூன் பாக்குறப்போ, அது சிரிக்கவே சிரிக்காத ஒரு இடத்துல நமக்கு மட்டும் குபீர்னு சிரிப்பு வந்து, "இப்போ என்ன சொன்னான் இவன்?"னு ரிமோட்டை தேடியிருக்கீங்களா? அப்போ இது உங்களுக்குத்தான். அப்படி ஒண்ணும் நடந்ததே இல்லன்னாலும் படிங்க, ஏன்னா அந்த ஜோக் எல்லாம் உங்க முன்னாடியே தினமும் ஓடிட்டு இருக்கு, நீங்க போனை நோண்டிட்டு இருந்ததால தப்பிச்சுப் போயிடுச்சு.

ஒரு விஷயத்தை முதல்லயே சொல்லிடறேன். "கார்ட்டூன்ல மறைஞ்சிருக்கிற அடல்ட் காமெடி"ன்னு சொன்ன உடனே எல்லாரும் ஆபாச ஜோக்கைத்தான் தேடுறாங்க. அது இருக்கு, இல்லன்னு சொல்லல, ஆனா மொத்தத்துல அது கொஞ்சம்தான். மிச்சமெல்லாம் பழைய சினிமா, அரசியல், ஆபீஸ் கொடுமை, விவாகரத்து, பணக்கஷ்டம், தூக்கம் இல்லாத அப்பா அம்மா. அதுலதான் நிஜமான சரக்கு இருக்குங்கிறது என் கட்சி. ஆபாசத்தை மட்டும் தேடிப் போனா இதையெல்லாம் கோட்டை விட்டுடுவீங்க.

எதை கணக்குல சேக்கக் கூடாது

சிம்ப்சன்ஸ், ஃபேமிலி கை, சவுத் பார்க் இதெல்லாம் இந்த லிஸ்ட்லயே வராது. படம் வரைஞ்சு அசைய விட்டா அது குழந்தைங்க சமாச்சாரம்னு ஒரு நினைப்பு இருக்கு, ஆனா அதெல்லாம் பெரியவங்களை மனசுல வச்சே எடுத்தது, அங்க ஒளிக்க என்ன இருக்கு? நாம தேடுறது குழந்தைங்க சேனல்ல, குழந்தைங்க நேரத்துல, குழந்தைங்களுக்குன்னே ஓடுற கார்ட்டூன்ல நைசா சொருகி வச்சிருக்கிறதை.

முதல் வேலை: இது ஏன் இருக்குன்னு தெரிஞ்சுக்கோங்க

காரணம் தெரிஞ்சா எங்க தேடணும்னு தானா தெரிஞ்சிடும், அதனால இந்தப் பகுதியை தாண்டிப் போயிடாதீங்க.

பக்ஸ் பன்னி, டாஃபி டக், டாம் அண்ட் ஜெர்ரி இதெல்லாம் முதல்ல டிவிக்காக எடுத்ததே இல்ல. தியேட்டர்ல மெயின் படத்துக்கு முன்னாடி ஓட்டுறதுக்கு எடுத்த குட்டிப் படங்கள். தியேட்டர்ல யார் இருப்பா? அப்பா, அம்மா, தாத்தா, காதலிக்கிறவங்க, வேலை முடிச்சுட்டு வந்தவங்க, கூடவே குழந்தைங்க. எல்லாரையும் ஒரே ஏழு நிமிஷத்துல சிரிக்க வைக்கணும். பின்னாடி டிவி வந்ததும் இதையே எடுத்து காலை நேரத்துல குழந்தைங்களுக்குன்னு ஓட்டிட்டாங்க, உள்ள இருந்த பெரியவங்க ஜோக் எல்லாம் அப்படியே கூடவே வந்துடுச்சு.

ஃப்ளின்ட்ஸ்டோன்ஸ் இன்னும் வேடிக்கை. 1960ல ஏபிசி சேனல்ல ராத்திரி நேரத்துல, குடும்பம் மொத்தமும் டிவி முன்னாடி உக்கார்ற நேரத்துல ஆரம்பிச்சது. தி ஹனிமூனர்ஸ்ங்கிற பெரியவங்க காமெடி சீரியலோட சாயல்ல செஞ்சது, ஆரம்பத்துல ஸ்பான்சர் யாருன்னா வின்ஸ்டன் சிகரெட். ஃப்ரெடும் பார்னியும் உக்காந்து சிகரெட் பிடிக்கிற விளம்பரமே இருக்கு, தேடிப் பாருங்க, நம்ப மாட்டீங்க.

இன்னொரு காரணம், பக்கத்துல உக்கார்ற பெரியவங்களை ஓடிப் போகாம பிடிச்சு வைக்கிறது. செசமி ஸ்ட்ரீட் கார்ட்டூன் இல்ல, பொம்மைகளை வச்சு எடுத்தது, ஆனா 1969ல அது ஆரம்பிச்சப்பவே பெத்தவங்களும் கூட உக்காந்து பாக்கணும்னு யோசிச்சே டிவி நிகழ்ச்சிங்களைப் பகடி பண்ணி, பிரபலங்களைக் கூட்டிட்டு வந்து எழுதினாங்க, ஏன்னா பெரியவங்க கூட உக்காந்தா குழந்தை அதிகம் கத்துக்கும்ங்கிறது அவங்க எண்ணம். பிபிசில 1965ல ஆரம்பிச்ச தி மேஜிக் ரவுண்டபவுட் சாயங்கால நியூஸுக்கு சற்று முன்னாடி ஓடுச்சு, நியூஸ் பாக்க வந்து உக்காந்த பெரியவங்க அதுக்கு ரசிகர்களா ஆயிட்டாங்க. அது பிரெஞ்சு நிகழ்ச்சி. எரிக் தாம்ப்சன்ங்கிறவர் பிரெஞ்சு வசனத்தை தொடாம, வெறும் படத்தைப் பாத்துட்டு தன் இஷ்டத்துக்கு புதுசா இங்கிலீஷ் வசனம் எழுதிக்கிட்டார். டூகல்ங்கிற நாய் சிடுசிடுன்னு பேசுறது அதனாலதான்.

கடைசிக் காரணம் ரொம்ப சாதாரணம். எழுதுறவங்களும் பெரியவங்கதான், ஒரு ரூம்ல நாலு பேர் நாள் முழுக்க உக்காந்து பேசுற பூனைக்கும் முயலுக்கும் வசனம் எழுதினா போர் அடிக்கத்தானே செய்யும், பக்கத்துல இருக்கிறவனை சிரிக்க வைக்க ஒண்ணு சொல்லுவான், அது ஸ்கிரிப்ட்ல ஏறிடும்.

ரெண்டாவது வேலை: எதை, எப்படிப் பாக்கணும்

ஒரிஜினல் ஆடியோல பாருங்க, சப்டைட்டில் போட்டுக்கோங்க. டப்பிங்ல முக்கால்வாசி சிலேடை செத்துடும், சில சமயம் அந்த இடத்துல டப்பிங் எழுதினவர் தன் சொந்த ஜோக்கை வச்சிருப்பார், அதுவும் ரசிக்கத்தக்கதுதான், ஆனா அது வேற ஆட்டம். சப்டைட்டில் எதுக்குன்னா, வேகமா போற சிலேடை காதுல தப்பிச்சாலும் கண்ணுல மாட்டும்.

ஆரம்பிக்க எனக்குத் தெரிஞ்சு சரியான வரிசை: முதல்ல அனிமேனியாக்ஸ், ஏன்னா அது ஜோக் சொன்னதை அதுவே காட்டிக் குடுத்துடும். அப்புறம் ஸ்பாஞ்ச்பாப். அதுக்கப்புறம் ஃபினியஸ் அண்ட் ஃபெர்ப். கடைசியா ப்ளூயி. ரென் அண்ட் ஸ்டிம்பில ஆரம்பிக்காதீங்க, அது குமட்டல் காமெடி, பிடிக்காம போச்சுன்னா மொத்த விஷயமும் கசந்துடும்.

ஒரு எபிசோடை ரெண்டு தடவை பாருங்க. முதல் தடவை குழந்தையோட, நிறுத்தாம. குழந்தை எங்க சிரிக்குது, எங்க சும்மா இருக்குன்னு கவனிங்க. ரெண்டாவது தடவை நீங்க மட்டும் தனியா, அது சும்மா இருந்த இடங்கள்ல நிறுத்தி நிறுத்திப் பாருங்க. குழந்தை இல்லாதவங்க நேரா ரெண்டாவதுக்கு போகலாம், ஒண்ணும் குறைஞ்சிடாது.

மூணாவது வேலை: வேலை இல்லாத வசனத்தைப் பிடிங்க

இதுதான் மொத்த வித்தையும். குழந்தைங்க கார்ட்டூன்ல பதினொரு நிமிஷமோ அதுக்கும் கம்மியோதான் நேரம், ஒவ்வொரு வசனமும் கதையை நகத்தணும் இல்லன்னா குழந்தையை சிரிக்க வைக்கணும். ரெண்டுமே பண்ணாம ஒரு வசனம் நிக்குதுன்னா, அது யாருக்காகவோ வச்சதுதான். அந்த யாரோ நீங்கதான்.

உதாரணம் சொல்றேன். ஸ்பாஞ்ச்பாப்ல செய்லர் மவுத்னு 2001ல வந்த எபிசோடு. ஸ்பாஞ்ச்பாப் குப்பைத் தொட்டியில எழுதியிருந்த ஒரு கெட்ட வார்த்தையை அர்த்தம் தெரியாம கத்துக்கிட்டு ஊரெல்லாம் சொல்லிட்டுத் திரியுறான், வார்த்தை வர்ற இடத்துல டால்பின் சத்தம் போட்டு மறைச்சிருப்பாங்க. குழந்தைக்கு அந்த சத்தமே சிரிப்பு. அதுல அவனோட முதலாளி மிஸ்டர் க்ராப்ஸ், சொல்லக் கூடாத வார்த்தை மொத்தம் பதிமூணு இருக்குன்னு சொல்றார். உடனே கூட வேலை பாக்கிற ஸ்க்விட்வர்ட், ஏழுதானேன்னு கேக்குறான். கப்பல்ல வேலை பாத்தவங்களுக்கு அப்படி இல்லன்னு பதில் வருது. அந்த ஏழு எதுக்கு? கதைக்கு அது தேவையே இல்ல. ஜார்ஜ் கார்லின்னு ஒரு அமெரிக்க ஸ்டாண்டப் காமெடியன், டிவில சொல்லவே முடியாத ஏழு வார்த்தைகள்னு 1972ல ஒரு பிரபலமான காமெடி பண்ணினார், அதை மாதிரியே ஒண்ணு ரேடியோல ஒலிபரப்பாகி கேஸ் ஆகி 1978ல அமெரிக்க சுப்ரீம் கோர்ட் வரைக்கும் போச்சு. கடலுக்கு அடியில இருக்கிற ஆக்டோபஸ் ஒண்ணு சுப்ரீம் கோர்ட் கேஸை ஒத்தை வரியில இழுத்துவிட்டுட்டுப் போயிடுச்சு, பக்கத்துல இருக்கிற குழந்தை டால்பின் சத்தத்துக்கு சிரிச்சிட்டு இருக்கு.

வேலை இல்லாத வசனத்துக்கு சில அடையாளங்கள் உண்டு. பாத்திரம் திடீர்னு கேமராவைப் பாக்கும். பேச்சு பாதில வெட்டுப்படும். பக்கத்துல நிக்கிற பெரியவர் தொண்டையைக் கனைப்பார். ஒரு விநாடி அமைதி தேவையில்லாம நீளும். அனிமேனியாக்ஸ்ல யாக்கோ இருக்கானே, எல்லை தாண்டின ஜோக் வந்ததும் நேரா நம்மளைப் பாத்து "குட்நைட் எவ்ரிபடி"ன்னு கை அசைச்சு முத்தம் குடுப்பான், அவ்வளவுதான் நிகழ்ச்சியை மூடப் போறாங்கங்கிற மாதிரி. 1993ல ஆரம்பிச்ச அந்த நிகழ்ச்சிக்கு ஸ்பீல்பெர்க் எக்ஸிக்யூட்டிவ் புரொடியூசர், எழுதினவங்களுக்கு பயமே கிடையாது. துப்பறியுற எபிசோடு ஒண்ணுல கைரேகையைத் தேடச் சொன்னா யாக்கோவோட தங்கச்சி டாட் போய் பாடகர் பிரின்ஸையே தூக்கிட்டு வந்து நிப்பா. ஐயோ நான் சொன்னது ஃபிங்கர் பிரின்ட்ஸ்னு யாக்கோ சொல்ல, அவ பிரின்ஸை ஒரு தடவை மேல கீழ பாத்துட்டு, எனக்கு அப்படித் தோணலன்னுடுவா. சத்தமா ரெண்டு வார்த்தையையும் சேத்து சொல்லிப் பாருங்க, விளங்கலன்னா விட்டுடுங்க, நான் இதுக்கு மேல விளக்க மாட்டேன்.

ஒரே வெண்பால பாம்பையும் வாழைப்பழத்தையும் பாடின காளமேகத்தை படிச்சவங்களுக்கு இந்த வித்தை ஒண்ணும் புதுசில்ல. என்ன, இங்க ஒரு அர்த்தம் குழந்தைக்கு, இன்னொண்ணு நமக்கு.

நாலாவது வேலை: பேரையும் குரலையும் சந்தேகப்படுங்க

வித்தியாசமான பேர் வந்தா வேகமா வாய்விட்டு சொல்லிப் பாருங்க. 1959ல ஆரம்பிச்ச ராக்கி அண்ட் புல்விங்கிள்ல வில்லன் பேர் போரிஸ் படேனாஃப். போரிஸ் கோடுனாஃப்னு ஒரு ரஷ்ய மன்னர் இருந்தார், அவரைப் பத்தி ஒரு ஆபராவும் உண்டு, அந்தப் பேரையே திருப்பி, போதுமான அளவு கெட்டவன்கிற அர்த்தம் வர்ற மாதிரி மாத்திட்டாங்க. பனிப்போர் உச்சத்துல இருந்த காலம், போரிஸுக்கு மேல ஃபியர்லெஸ் லீடர்னு ஒரு சர்வாதிகாரி வேற. அதே நிகழ்ச்சில ஒரு கதை முழுக்க ஒரு குட்டிப் பொம்மைப் படகைச் சுத்தி நடக்கும், மாணிக்கக்கல் பதிச்ச படகு, அதுல உமர் கய்யாம்னு பேர் எழுதியிருக்கும். மாணிக்கம் இங்கிலீஷ்ல ரூபி, படகு யாட். ரூபி யாட், ரூபாயாத், அதாவது பாரசீகக் கவிஞர் உமர் கய்யாமோட புகழ்பெற்ற பாடல் தொகுப்பு. இத்தனை வாரமும் கதையை இழுத்தது இந்த ஒரு கடிக்காகத்தான்னு புரியுறப்போ டிவியை உடைக்கணும் போல இருக்கும், ஆனா மறக்கவும் முடியாது.

குரல் அதைவிட பெரிய தடயம். ஒரு பாத்திரம் சம்பந்தமே இல்லாம ரொம்ப விசேஷமான குரல்ல பேசுனா, அது நிஜத்துல இருந்த யாரோ ஒருத்தரோட குரல்னு வச்சுக்கோங்க. பிங்கி அண்ட் த பிரெயின்ல அந்த எலி பிரெயின் பேசுறது இயக்குநரும் நடிகருமான ஆர்சன் வெல்ஸ் மாதிரி. வெல்ஸ் ஒரு விளம்பரத்துக்கு குரல் குடுக்குறப்போ எழுதிக் குடுத்தவங்களை கன்னாபின்னான்னு கடிஞ்ச ஒலிப்பதிவு ஒண்ணு சினிமாக்காரங்க மத்தியில ரகசியமா சுத்திட்டு இருந்துச்சு. அந்தச் சண்டையையே கெட்ட வார்த்தையை மட்டும் எடுத்துட்டு ஒரு முழு கார்ட்டூனா போட்டுட்டாங்க. காலைல எழுந்து பால் குடிச்சுட்டு அதைப் பாத்த குழந்தைங்களுக்கு என்ன புரிஞ்சிருக்கும்னு யோசிச்சுப் பாருங்க, ஒண்ணும் புரிஞ்சிருக்காது, கோவப்படுற எலின்னு சிரிச்சிருப்பாங்க, அது போதும். பவர்பஃப் கேர்ள்ஸ்ல மீட் த பீட் ஆல்ஸ்னு ஒரு எபிசோடு, வில்லன்கள் நாலு பேர் சேந்து கூட்டணி போட, அதுல ஒருத்தனான மோஜோ ஜோஜோவோட வாழ்க்கையில மோகோ ஜோனோன்னு ஒருத்தி வர கூட்டணி உடைஞ்சுடும். பீட்டில்ஸ் இசைக்குழுவும், அது உடைஞ்சதுக்கு காரணம்னு ரசிகர்கள் பழி சொன்ன யோகோ ஓனோவும் தெரிஞ்சவங்களுக்கு அந்த எபிசோடுல மூச்சு விட நேரம் இருக்காது, வரிக்கு வரி பாட்டு ரெஃபரன்ஸ்.

இதுல ஒரு வினோதம். நாள் ஆக ஆக மூலம் மறந்து போய் கார்ட்டூன் மட்டும் நிக்கும். பக்ஸ் பன்னி கேரட்டைக் கடிச்சிக்கிட்டே வாய் நிறைய பேசுதே, அது 1934ல வந்த இட் ஹேப்பன்ட் ஒன் நைட் படத்துல க்ளார்க் கேபிள் வேலியில சாஞ்சு கேரட் தின்னுக்கிட்டு பேசுறதைப் பாத்து கலாய்ச்சது. அப்போ தியேட்டர்ல இருந்தவங்களுக்கு பாத்த உடனே புரிஞ்சிருக்கும். இப்போ முயல்னாலே கேரட்தான்னு உலகமே நம்புது. ஃபாக்ஹார்ன் லெக்ஹார்ன் சேவலும் அப்படித்தான், ரேடியோல வந்த க்ளாக்ஹார்ன்ங்கிற ஒரு செனட்டர் பாத்திரத்தோட நகல், அந்த செனட்டரை இப்போ யாருக்குத் தெரியும்?

ஆக தேடுற முறை இதுதான்: குரலையோ பேரையோ காட்சியையோ குறிச்சு வச்சுக்கோங்க, அந்த எபிசோடு வந்த வருஷத்துக்கு முன்னாடி என்னென்ன படம், பாட்டு, வழக்கு, தேர்தல் பேசப்பட்டுச்சுன்னு பாருங்க. வருஷம்தான் சாவி.

அஞ்சாவது வேலை: பின்னணியை நிறுத்திப் பாருங்க

இது சின்ன வேலைதான். கடைப் பலகை, அலமாரியில இருக்கிற புத்தகத் தலைப்பு, செய்தித்தாள் தலைப்பு, கல்லறையில எழுதியிருக்கிறது, கூட்டத்துல நிக்கிற முகம். இதெல்லாம் வரையுறவங்க ராஜ்ஜியம், எழுதுறவங்களுக்கே சில சமயம் தெரியாது. ராக்கோஸ் மாடர்ன் லைஃப்ல ஒரு கோழிக்கறி கடைக்கு சோக்கி சிக்கன்னு பேர், அதுக்கு ஒரு பச்சை அர்த்தம் உண்டுன்னு அப்புறமா யாருக்கோ உறைச்சு, நாலாவது சீசன்ல சூயி சிக்கன்னு மாத்திட்டாங்க. டிவி இல்ல, படம்தான், ஆனா இந்த வேலைக்கு பெரிய உதாரணம் டிஸ்னியோட தி ரெஸ்க்யூயர்ஸ். ஒரு காட்சியில பின்னணி ஜன்னல்ல நிர்வாணப் பெண்ணோட போட்டோ ரெண்டே ரெண்டு ஃப்ரேம்ல இருக்குன்னு தெரிஞ்சு, 1999 ஜனவரில முப்பத்திநாலு லட்சம் வீடியோ கேசட்டை திரும்ப வாங்கிட்டாங்க. தியேட்டர் வேகத்துல யார் கண்ணுக்கும் தெரியாது, வீட்டு வீடியோல பாஸ் பட்டன் வந்ததும் வினை வந்துச்சு.

ஆறாவது வேலை: களைப்பு காமெடியை கேக்கக் கத்துக்கோங்க

என்னைக் கேட்டா இதுதான் உச்சம், இதைத்தான் யாரும் பட்டியல் போடுறதே இல்ல, ஏன்னா இதுல அதிர்ச்சி எதுவும் கிடையாது.

ஸ்க்விட்வர்டை எடுத்துக்கோங்க. சின்ன வயசுல பாத்தப்போ அவன் வில்லன் மாதிரி, சிரிக்காத மூஞ்சி, எப்பப் பாத்தாலும் எரிச்சல். இப்போ பாருங்க. கலைஞனா ஆகணும்னு ஆசை, திறமை பத்தல, வாடகைக்கும் சாப்பாட்டுக்கும் ஒரு கடையில கல்லாவுல நிக்குறான், பக்கத்து வீட்டுக்காரங்க ரெண்டு பேர் காலைல எழுந்ததும் கத்துறாங்க. அந்த மூஞ்சி உங்க மூஞ்சிதான். ஸ்க்விட் ஆன் ஸ்ட்ரைக்னு ஒரு எபிசோடு, முதலாளி சுவாசிச்சதுக்கும் சும்மா நின்னதுக்கும் எல்லாம் காசு பிடிக்க ஆரம்பிக்க, அவனும் ஸ்பாஞ்ச்பாப்பும் வேலைநிறுத்தம் பண்றாங்க. குழந்தைக்கு அது பலகை தூக்கிட்டு ஓடுற கூத்து. வேலைக்குப் போறவங்களுக்கு, ஸ்க்விட்வர்ட் மேடை போட்டு தொழிலாளர் உரிமை பேசுறப்போ கூட்டம் கேக்கிற லட்சணம் இருக்கே, அதுல இருக்கு சிரிப்பு.

ஃபினியஸ் அண்ட் ஃபெர்ப்ல டூஃபன்ஷ்மர்ட்ஸ் ஊரைப் பிடிக்க தினமும் ஒரு மெஷின் கட்டுறான். இவ்வளவு காசு எங்கேந்து வருது? விவாகரத்தான பொண்டாட்டி மாசாமாசம் குடுக்குற ஜீவனாம்சத்துல. ஊரை ஆளப் போறேன்னு கத்துற வில்லன், வார இறுதியில மகளை கூட்டிட்டு வந்து அவகிட்ட நல்ல பேர் வாங்கத் தவிக்கிறான். எந்தக் குழந்தையும் இதுக்கு சிரிக்காது, அதுக்கு அவனைத் தடுக்க வர்ற பிளாட்டிபஸ் உதைக்கிறது போதும்.

ப்ளூயி 2018ல ஆஸ்திரேலியால ஆரம்பிச்சது, ஜோ ப்ரம் உருவாக்கினது, நாய்க் குடும்பம். வேல் வாட்சிங்னு ஒரு எபிசோடு, குழந்தைங்க ரெண்டும் அப்பாவை படகாவும் அம்மாவை திமிங்கிலமாவும் ஆக்கி விளையாடணும்னு நிக்குதுங்க, அப்பா அம்மா ரெண்டு பேரும் சோபாவுல இருந்து எழவே முடியாம கிடக்குறாங்க. முதல் நாள் ராத்திரி புத்தாண்டு பார்ட்டி. ஒரு வார்த்தை கூட வெளிப்படையா சொல்லல, வெளிச்சத்தைப் பாத்து கண்ணைச் சுருக்கறதுலயே எல்லாம் இருக்கு. டேட் பேபின்னு இன்னொண்ணு, அப்பா குழந்தை சுமக்குற மாதிரி விளையாடி பிரசவ வலி வரைக்கும் போயிடுவார், அதை டிஸ்னி வெளியிடாம விட்டுட்டாங்க, 2024ல யூடியூப்ல வந்துச்சு. ஆபாசம் துளி கூட இல்ல, ஆனா பெத்தவங்களுக்கு விழுந்து விழுந்து சிரிப்பு வரும்.

ஏழாவது வேலை: சென்சார் பக்கத்துல இருந்து பாருங்க

அமெரிக்க சேனல்கள்ல ஸ்டாண்டர்ட்ஸ் அண்ட் ப்ராக்டிசஸ்னு ஒரு துறை இருக்கும், ஸ்கிரிப்டையும் ஸ்டோரிபோர்டையும் படிச்சு இதை எடு அதை மாத்துன்னு குறிப்பு அனுப்புறது அவங்க வேலை. எழுதுறவங்களோட பழைய தந்திரம் என்னன்னா, வெட்டுறதுக்குன்னே ஒரு மோசமான ஜோக்கை வச்சிடுறது. சென்சார் அதைப் பிடிச்சு வெட்டிட்டு திருப்தியாயிடுவார், பக்கத்துல இருக்கிற நிஜமான ஜோக் பத்திரமா தப்பிச்சுடும். சில சமயம் வெட்டவே மாட்டாங்க. 1943ல பாப் க்ளாம்பெட் எடுத்த ஆன் இட்ச் இன் டைம்ல, பின்பக்கத்தை தரையில தேச்சுக்கிட்டே போற நாய் நின்னு நம்மளைப் பாத்து, இத்தோட நிறுத்திக்கிறேன், இல்லன்னா இது எனக்குப் பிடிச்சுப் போயிடும்ங்குது. கண்டிப்பா வெட்டுவாங்கன்னு வச்ச வசனம்னு சொல்லுவாங்க, அப்படியே பாஸ் ஆயிடுச்சு.

இந்தப் பேரம் எப்படி நடக்கும்னு பாக்கணும்னா க்ராவிட்டி ஃபால்ஸ் உருவாக்கின அலெக்ஸ் ஹிர்ஷ் 2022ல ட்விட்டர்ல போட்ட வீடியோவைத் தேடுங்க. டிஸ்னி அனுப்பின குறிப்புகளையும் தன்னோட பதில்களையும் ரெண்டு குரல்ல வாசிச்சுக் காட்டுவார். ஆந்தை தீம்ல ஒரு ஹோட்டல், ஹூ ஹான்னு ஆந்தைச் சத்தம் மாதிரி பேர், அதுக்கு வேற ஒரு அர்த்தம் இருக்கேன்னு அவங்க, ஐயா அது ஆந்தைன்னு இவர். நிஜமா ஒண்ணும் இல்லாத இடத்துல சென்சார் சந்தேகப்படுறதும், பட்டவர்த்தனமா இருக்கிறதை விட்டுடுறதும் ஒரே பக்கத்துல நடக்கும்.

எட்டாவது வேலை: புரளியைக் கழிச்சுக் கட்டுங்க

கார்ட்டூன்ல ஆபாசம்னு சுத்துற பட்டியல்கள்ல பாதிக்கு மேல நம்பாதீங்க. பிரிட்டிஷ் கார்ட்டூன் கேப்டன் பக்வாஷ்ல பாத்திரங்களோட பேரெல்லாம் பச்சை டபுள் மீனிங்னு ஊரே சத்தியம் பண்ணுச்சு, பாத்ததா சொன்னவங்களும் உண்டு. அப்படிப் பேர் எதுவுமே அந்த நிகழ்ச்சில கிடையாது. படைச்ச ஜான் ரயன் கோவப்பட்டு நடவடிக்கை எடுத்து, 1991ல கார்டியன் பத்திரிகையே திருத்தம் போட வேண்டியதா போச்சு. மேஜிக் ரவுண்டபவுட்ல எல்லாமே போதைப்பொருள் குறியீடுன்னு ஒண்ணு, ஸ்கூபி டூல ஷாகிக்கு எப்பவும் பசிக்கிறது கஞ்சா அடிச்சதாலன்னு ஒண்ணு. ஷாகி யாருன்னா, டோபி கில்லிஸ்னு பழைய சீரியல்ல வந்த மேனார்ட்ங்கிற தாடி வச்ச சோம்பேறிப் பையனோட அச்சு. ரசிகர்கள் பின்னாடி ஏத்துன அர்த்தம் வேற, எழுதினவங்க வச்ச அர்த்தம் வேற, அதைக் கலக்காதீங்க.

சோதிக்கிறது சுலபம். எந்த எபிசோடு, எந்த இடம்னு சொல்ல முடியுதா? அந்தக் காட்சியை முழுசா பாக்க முடியுதா, இல்ல ஒத்தை ஸ்க்ரீன்ஷாட் மட்டும்தானா? ஸ்க்ரீன்ஷாட்ல எழுத்தை மாத்துறது நிமிஷ வேலை. எழுதினவங்க பேட்டியில ஒத்துக்கிட்டாங்களா? மூணுக்கும் இல்லன்னா தூக்கிப் போடுங்க. ரக்ராட்ஸ்ல தாத்தா வீடியோ கேசட் வாடகைக்கு எடுத்துட்டு வந்து, லோன்லி ஸ்பேஸ் விக்ஸன்ஸ்னு ஒரு படத்தைக் காட்டி, இது நீங்க தூங்கினதுக்கு அப்புறம்னு பேரப்பிள்ளைங்ககிட்ட சொல்ற மாதிரி நிஜமா இருக்கிறதே ஏராளம், பொய்யை தேட வேண்டிய அவசியமே இல்ல.

குழந்தை கேட்டா என்ன சொல்றது

"ஏன் சிரிச்சீங்க?"ன்னு கேக்கும், கேக்காம இருக்காது. ஒண்ணுமில்லன்னு சொல்லாதீங்க, அப்படிச் சொன்னாதான் அதுக்கு ஆர்வம் ஏறும், பள்ளிக்கூடத்துல போய் கேட்டு நிக்கும். ரெஃபரன்ஸ் ஜோக்னா உண்மையைச் சொல்லிடுங்க, இந்த எலி பழைய நடிகர் ஒருத்தர் மாதிரி பேசுது, அவர் வீடியோ காட்டட்டுமான்னு. களைப்பு ஜோக்னாலும் உண்மைதான், அந்த அப்பா நான் மாதிரியே இருக்கார்னு சொன்னா அதுவும் சிரிக்கும். பச்சை ஜோக்னா, அந்த வசனத்துக்கு குழந்தை பக்கம் இருக்கிற அர்த்தத்தை மட்டும் சொன்னா போதும், டாட் கைரேகைக்குப் பதிலா பாடகரைத் தூக்கிட்டு வந்துட்டா பாரு, முட்டாள்னு. நல்லா எழுதின ஜோக்னா அந்தப் பக்கமும் முழுசா நிக்கும், பொய் சொல்ல வேண்டியே வராது. அப்படி நிக்காம, குழந்தைக்கு குழப்பம் மட்டும் மிஞ்சுதுன்னா அது மட்டமான ஜோக், என் கணக்குல அதுக்கு மார்க் கிடையாது.

வயசுக் குறியீட்டை முழுசா நம்பவும் வேண்டாம். அமெரிக்காவுல 1997லேருந்து டிவி-ஒய், டிவி-ஒய்7னு போடுறாங்க, முதல்து எல்லாக் குழந்தைங்களுக்கும், ரெண்டாவது ஏழு வயசுக்கு மேல. அது சண்டையையும் பயத்தையும்தான் ஓரளவு சொல்லும், சிலேடையை சொல்லாது. கிரேயான் ஷின்சான் இதுக்கு நல்ல பாடம். அது 1990ல ஜப்பான்ல பெரியவங்களுக்கான மாங்கா இதழ்ல ஆரம்பிச்ச கதை, 1992ல டிவிக்கு வந்து குழந்தைங்க நிகழ்ச்சியா ஆச்சு, அமெரிக்காவுல அதையே மறுபடி வசனம் மாத்தி ராத்திரி நேர பெரியவங்க சேனல்ல ஓட்டினாங்க. அதே பையன், அதே படம், ஒவ்வொரு இடத்துலயும் வேற வேற ஆளுங்களுக்கு. நீங்க பாக்குறது எந்த வெட்டு, எந்த டப்பிங்னு பாத்துக்கிட்டு போடுங்க.

பழைய தியேட்டர் கார்ட்டூனை குழந்தையோட போடுறதுக்கு முன்னாடி மட்டும் தனியா ஒரு தடவை ஓட்டிப் பாத்துடுங்க. அதுல சிரிப்புன்னு வச்ச சிலது வெறும் இனக் கேலி. வார்னர் கார்ட்டூன்கள்ல பதினொண்ணை 1968லயே இந்தக் காரணத்துக்காக ஒளிபரப்புலேருந்து எடுத்துட்டாங்க, மத்ததுலயும் அங்கங்க ஒரு சில விநாடி எட்டிப் பாக்கும். அதுக்கு சிலேடை, ரெஃபரன்ஸ்னு அர்த்தம் தேடிக்கிட்டு உக்கார வேண்டாம், தாண்டி விட்டுட்டு அடுத்த படத்தைப் போடுங்க.